பீட்டா தடுப்பான் மாத்திரையைத் திடீரென நிறுத்தலாமா?

"இரத்த அழுத்தம் சீராகிவிட்டது, இனி மாத்திரை எதற்கு?" என எண்ணி, அட்டெனொலால், மெட்டோபுரொலால், புரோப்ரனொலால் போன்ற பீட்டா தடுப்பான் மாத்திரைகளைத் தாமாகவே நிறுத்திவிடுவோரை நாங்கள் காண்கிறோம். இது ஆபத்தானது.

இதயத்தை விரைந்து துடிக்கச் செய்யும் அட்ரினலின், இதயத் தசையிலுள்ள பீட்டா ஏற்பிகளின் வழியாகச் செயல்படுகிறது. இம்மருந்துகள் அவ்வேற்பிகளை மறித்துக்கொள்வதால் துடிப்பும் இரத்த அழுத்தமும் தணிகின்றன. மறிப்பு நீடிக்கும்போது, அதனை ஈடுசெய்ய உடல் ஏற்பிகளின் எண்ணிக்கையைப் பெருக்கிக்கொள்கிறது. மருந்து திடீரென நின்றால், பெருகிய ஏற்பிகள் மீது அட்ரினலின் தடையின்றிச் செயல்படும். சில நாள்களிலேயே படபடப்பு, வியர்வை, தலைவலி, இரத்த அழுத்த உயர்வு ஆகியவை தோன்றலாம். இதயத் தமனி அடைப்பு உள்ளோருக்கு நெஞ்சுவலியும் மாரடைப்பும்கூட நேரக்கூடும். அடைப்பு இருப்பதை அறியாதோருக்கும் இது பொருந்தும்.

ஆகவே, நிறுத்த வேண்டிய நிலையிலும் மருத்துவர்கள் பொதுவாக 1 முதல் 2 வாரங்களில் அளவைப் படிப்படியாகக் குறைத்தே நிறுத்துவர். அந்நாள்களில் கடும் உடலுழைப்பைத் தவிர்க்க வேண்டும்.

குடும்பத்தார் கவனிக்க வேண்டியவை: மாத்திரை தீருமுன் வாங்கி வையுங்கள். பயணத்திலும் நோன்பு நாள்களிலும் தவறவிடாதீர்கள். ஒரு வேளை மறந்தால், அடுத்த வேளையில் இரட்டிப்பாகக் கொடுக்காதீர்கள். களைப்பு, மூச்சிரைப்பு, மயக்கம் ஏற்பட்டால் நீங்களே நிறுத்தாமல் உடனே மருத்துவரிடம் கூறுங்கள். நெஞ்சுவலி தோன்றினால் தாமதியாமல் 108 ஊர்தியை அழையுங்கள்.