கார்த்திகி கொன்சால்வேஸ்

கார்த்திகி கொன்சால்வேஸ் ஓர் இந்திய ஆவணப்பட இயக்குநரும் காட்டுயிர் ஒளிப்படக் கலைஞரும் ஆவார். இவர் இயக்கிய முதல் படமான "தி எலிபண்ட் விஸ்பரர்ஸ்", 2023 மார்ச்சில் நடைபெற்ற 95ஆவது அகாதமி விருது விழாவில் சிறந்த ஆவணக் குறும்படத்துக்கான விருதைப் பெற்றது. இந்தியத் தயாரிப்பு ஒன்று இப்பிரிவில் வென்றது இதுவே முதல் முறையாகும். 2019இல் இவ்விருதைப் பெற்ற "பீரியட். எண்ட் ஆஃப் சென்டன்ஸ்", கோயம்புத்தூர் அருணாசலம் முருகானந்தம் வடிவமைத்த நாப்கின் இயந்திரத்தைக் காட்டிய படமே எனினும் அது ஓர் அமெரிக்கத் தயாரிப்பு.

== வாழ்க்கையும் பணியும் ==

உதகமண்டலத்தில் பிறந்த கார்த்திகி, கோயம்புத்தூர் ஜி. ஆர். தாமோதரன் அறிவியல் கல்லூரியில் காட்சித் தொடர்பியல் பயின்றார். பின்னர் உதகையில் உள்ள லைட் அண்ட் லைஃப் அகாதமியில் ஒளிப்படக் கலை கற்றார். அனிமல் பிளானட், டிஸ்கவரி தொலைக்காட்சிகளின் நிகழ்ச்சிகளுக்கு ஒளிப்பதிவாளர்களுள் ஒருவராகப் பணியாற்றினார்.

== ஆவணப்படம் ==

2017இல் முதுமலைக்கு அருகே, பொம்மன் என்னும் பாகன் ரகு என்ற யானைக்கன்றுடன் நடந்து செல்வதைக் கண்டதே இப்படத்தின் தொடக்கம். ஓசூர் வட்டாரத்தில் மின்சாரம் தாக்கித் தாயை இழந்த கன்று அது. பின்னர் ஈரோடு மாவட்டம் சத்தியமங்கலம் காட்டிலிருந்து அம்மு என்ற பெண் கன்றும் தெப்பக்காடு முகாமுக்கு வந்து சேர்ந்தது. இவற்றை வளர்த்த பொம்மனும் பெள்ளியும் காட்டுநாயக்கர் பழங்குடியினர்.

ஏறத்தாழ ஐந்து ஆண்டுகளில் எடுக்கப்பட்ட சுமார் 450 மணி நேரக் காட்சிகள் 41 நிமிடங்களாகச் சுருக்கப்பட்டன. காட்டுயிர்ப் படங்களில் வழக்கமாக ஒலிக்கும் வெளியாள் ஒருவரின் விளக்கக் குரல் இதில் இல்லை. பொம்மனும் பெள்ளியுமே தமிழில் பேசிக் கதையைக் கொண்டு செல்கின்றனர். படத்தின் வலிமையே இதில்தான் உள்ளது. வளர்ந்த ரகுவை வனத்துறை வேறு பாகரிடம் ஒப்படைக்கும் பகுதியில், பெற்ற பிள்ளையைப் பிரிவது போன்ற அவர்களது துயரம் எவ்வித விளக்கமும் இன்றிப் புலப்படுகிறது. குனீத் மோங்கா தயாரித்த இப்படம் 2022 டிசம்பர் 8 அன்று நெட்ஃபிளிக்ஸில் வெளியானது.

== விருதுக்குப் பின் ==

கார்த்திகிக்குத் தமிழ்நாடு அரசு ஒரு கோடி ரூபாய் வழங்கியது. தெப்பக்காடு, ஆனைமலையின் கோழிகமுத்தி ஆகிய முகாம்களைச் சேர்ந்த 91 பாகர்களுக்கும் காவடிகளுக்கும் (பாகரின் உதவியாளர்கள்) தலா ஒரு லட்சம் ரூபாய் அளிக்கப்பட்டது; அவர்களுக்கு வீடுகள் கட்டவும், கோவை சாடிவயலில் யானைகள் முகாம் அமைக்கவும் நிதி அறிவிக்கப்பட்டது. 2023 ஆகஸ்டில் பெள்ளி, மாநிலத்தின் முதல் பெண் காவடியாகத் தற்காலிகப் பணி நியமனம் பெற்றார்.