குழம்புக்குள்ளேயே வேகும் கொழுக்கட்டை... சிக்கன் தக்கடி வீட்டில் செய்வது எப்படி? எங்கே சொதப்பும்?

வடசென்னை சாப்பாடு என்றதும் காசிமேடு மீனும் பீச் ஸ்டேஷன் அத்தோவும்தான் பலருக்கு ஞாபகம் வரும். ஆனால் ராயபுரம், மண்ணடி பக்கம் ஞாயிற்றுக்கிழமை சில வீடுகளின் அடுப்பில் கொதிக்கும் ஒரு ஐட்டத்தை எந்தத் தள்ளுவண்டியிலும் சுலபமாகப் பார்க்க முடியாது. டெலிவரி ஆப்பில் தேடினாலும் கிடைப்பது கஷ்டம். பெயர், தக்கடி.

அரிசி மாவு உருண்டைகளைக் கறிக்குழம்புக்குள்ளேயே போட்டு வேகவைப்பதுதான் தக்கடி. குழம்பு, சோறு, கறி எல்லாம் ஒரே சட்டியில் முடிந்துவிடும். அமெரிக்காவின் 'சிக்கன் அண்ட் டம்ப்ளிங்ஸ்' ரீல்ஸை சேவ் செய்து வைத்திருப்பவர்களே, அதே ஐடியாவின் நம்ம ஊர் வெர்ஷன் இது.

வடசென்னைக்கு எப்படி வந்தது?

துறைமுகம் இருக்கும் ஊருக்குச் சரக்கு மட்டும் வராது, சமையலும் வரும். 1962-ல் பர்மாவில் ராணுவ ஆட்சி வந்தபிறகு அங்கிருந்து திரும்பிய தமிழர்கள் அத்தோவையும் மொய்ங்காவையும் கொண்டுவந்தார்கள். அந்தக் கதை எல்லோருக்கும் தெரியும்.

தக்கடி வந்த வழி வேறு. கீழக்கரை, காயல்பட்டினம் போன்ற கடலோர ஊர்களின் தமிழ் முஸ்லிம் குடும்பங்களில் பழகிய சாப்பாடு இது. அந்த ஊர்களிலிருந்து வியாபாரத்துக்காக வந்த பலர் துறைமுகத்தை ஒட்டிய மண்ணடி வட்டாரத்தில் தங்கினார்கள். கூடவே அவர்களின் சமையலும் வந்தது. அத்தோ ரோட்டுக்கு வந்து ஃபேமஸ் ஆனது. தக்கடி வீட்டைத் தாண்டவில்லை.

காரணம் சிம்பிள். உருண்டைகளை முன்கூட்டியே செய்து வைத்தால் ஊறிக் கரையும். குழம்பும் நேரம் ஆக ஆகக் கெட்டியாகும். ஆர்டர் வந்ததும் கொடுக்கிற ஹோட்டல் வேகத்துக்கு இது செட் ஆகாது.

வழக்கமாக இது மட்டனில் செய்வது. சிக்கனில் செய்தால் சீக்கிரம் முடியும், புதிதாகச் சமைப்பவர்களுக்கும் ஈஸி. கேரளாவில் கிறிஸ்தவக் குடும்பங்கள் செய்யும் 'பிடியும் கோழியும்' இதற்குச் சொந்தக்காரன் மாதிரி. ஆனால் அங்கே பிடி தனியாக வேகும், கோழிக்கறி தனியாக வரும்.

என்னென்ன வேண்டும்? (4 பேருக்கு)

- எலும்போடு சிக்கன்: 750 கிராம்
- வறுத்த அரிசி மாவு (இடியாப்ப மாவு போதும்): 2 கப்
- தேங்காய்த் துருவல்: முக்கால் கப்
- பொடியாக நறுக்கிய சின்ன வெங்காயம் 15, பச்சை மிளகாய் 3, கொத்தமல்லி ஒரு கைப்பிடி
- பெரிய வெங்காயம் 2, தக்காளி 2
- இஞ்சி பூண்டு விழுது: ஒன்றரை டேபிள்ஸ்பூன்
- மிளகாய்த் தூள் ஒன்றரை டீஸ்பூன், மல்லித் தூள் 3 டீஸ்பூன், மஞ்சள் தூள் கொஞ்சம்
- பட்டை, கிராம்பு, ஏலக்காய்: தலா 2
- தேங்காய்ப் பால்: 1 கப்
- எண்ணெய், உப்பு: தேவையான அளவு

எப்படிச் செய்வது?

*முதலில் குழம்பு.* அகலமான சட்டியில் எண்ணெய் விட்டு, பட்டை வகையறா, பெரிய வெங்காயம், இஞ்சி பூண்டு விழுது, தக்காளி என வரிசையாக வதக்குங்கள். தூள்களையும் சிக்கனையும் போட்டுப் பிரட்டி, 5 கப் தண்ணீர், உப்பு சேர்த்து 12 முதல் 15 நிமிடம் கொதிக்க விடுங்கள். சிக்கன் முக்கால் பதம் வெந்தால் போதும். மீதி உருண்டையோடு சேர்ந்து வேகும். குழம்பு ரசத்தைவிடக் கொஞ்சம் கெட்டியாக, தண்ணியாகவே இருக்கணும். பயப்பட வேண்டாம், மாவு அதைக் குடித்துவிடும்.

*அடுத்து உருண்டை.* மாவு, தேங்காய், சின்ன வெங்காயம், பச்சை மிளகாய், கொத்தமல்லி, உப்பு எல்லாவற்றையும் கலந்துகொள்ளுங்கள். கொதிக்கிற குழம்பின் சாற்றில் ஒரு கப் எடுத்து, கொஞ்சம் கொஞ்சமாக ஊற்றிக் கரண்டிக் காம்பால் கிளறுங்கள். போதவில்லை என்றால் இன்னும் கொஞ்சம். கை பொறுக்கும் சூட்டில் பிசைந்து, எலுமிச்சை அளவில் எடுத்து உள்ளங்கையில் வைத்து ஒரு பிடி. விரல் பதிந்த தடம் அப்படியே இருக்கட்டும், அந்தப் பள்ளத்தில்தான் குழம்பு நிற்கும்.

*கடைசியில் சேர்ப்பது.* குழம்பு தளதளவெனக் கொதிக்கும்போது உருண்டைகளை ஒவ்வொன்றாக இறக்குங்கள். முதல் 10 நிமிடம் கரண்டி போடவே கூடாது. சட்டியைப் பிடித்து லேசாக ஆட்டினால் போதும். பிறகு தீயைக் குறைத்து, மூடி போட்டு இன்னும் 8 நிமிடம். தேங்காய்ப் பால் ஊற்றி, ஒரு கொதி வந்ததும் இறக்கிவிடலாம்.

உருண்டை ஏன் கரைந்து போகிறது?

கோதுமை மாவில் குளுட்டன் என்ற புரதம் இருக்கிறது. தண்ணீர் பட்டதும் அது வலை மாதிரி இழுத்துப் பிடிக்கும். அரிசி மாவில் அது கிடையாது. இங்கே பசை வேலையைச் செய்வது மாவுச்சத்து. சூடும் ஈரமும் சேர்ந்தால்தான் அது ஊதி, கூழாகிப் பிடித்துக்கொள்ளும். பச்சைத் தண்ணீரில் பிசைந்தால் இது நடக்காது. அதனால்தான் கொதிக்கும் சாறு.

கொதி நிற்கும் குழம்பில் போட்டாலும் இதே கதிதான். நன்றாகக் கொதித்தால் உருண்டையின் மேல்பகுதி உடனே வெந்து தோல் மாதிரி மூடிக்கொள்ளும். ஆறிய குழம்பில் அந்தத் தோல் உருவாவதற்குள் மாவு பிரிந்துவிடும். சந்தேகமாக இருந்தால் முதலில் ஒரே ஒரு உருண்டையைப் போட்டு 3 நிமிடம் பாருங்கள். உடைந்தால் மீதி மாவில் இன்னும் கொஞ்சம் மாவு தூவிப் பிசையலாம். கல் மாதிரி இருந்தால் சூடான சாறு சேர்க்கலாம்.

இதையும் கவனிங்க

சிக்கனைக் குழாய்க்கு அடியில் பிடித்துக் கழுவினால் தெறிக்கும் தண்ணீரோடு கிருமிகளும் கிச்சன் முழுக்கப் பரவும். கழுவியே ஆகணும் என்றால் பாத்திரத்தில் தண்ணீர் விட்டு அலசி, சிங்க்கைச் சோப்பு போட்டுத் தேயுங்கள். சிக்கனின் உள்சூடு 74 டிகிரி செல்சியஸைத் தொட வேண்டும். தெர்மாமீட்டர் இல்லையா? பெரிய துண்டைப் பிளந்து பாருங்கள், எலும்போரம் ரோஸ் நிறம் இருக்கக் கூடாது.

மிச்சமானால் சென்னை வெயிலுக்கு ஒரு மணி நேரத்துக்குள் ஃப்ரிட்ஜுக்குப் போய்விட வேண்டும். மறுநாள் இறுகிப் போயிருக்கும். வெந்நீர் விட்டுக் கொதிக்க வைத்தால் மறுபடி இளகும். மறுநாள் தக்கடிதான் ருசி என்று சண்டை போடுகிறவர்களும் உண்டு!

கடைசியா ஒண்ணு

மேலே இருக்கும் கப், ஸ்பூன் கணக்கெல்லாம் தொடங்குவதற்கான அளவு மட்டும்தான். மாவு எவ்வளவு சாறு குடிக்கும் என்பது வறுத்த பதத்தைப் பொறுத்து மாறும். பல வீடுகளில் இந்தக் கணக்கு எழுதி வைக்கப்படவில்லை, உம்மாவின் உள்ளங்கையில் இருக்கிறது. ஹோட்டலில் கிடைக்காத சாப்பாட்டை, வீட்டில் ஒரு தலைமுறை செய்யாமல் விட்டால் திரும்ப வாங்க இடமில்லை.

உங்கள் வீட்டில் தக்கடி செய்யத் தெரிந்தவர் இருந்தால், இந்த ஞாயிற்றுக்கிழமை பக்கத்தில் நின்று மாவைத் தொட்டுப் பாருங்கள். வீடியோ எடுக்கலாம், தப்பில்லை. ஆனால் பதம் கைக்குத்தான் தெரியும்.