மூன்று நாளில் காதலரைக் கட்டித் தருவார்களா?

பிரிந்துபோன காதலரை மூன்றே நாளில் திரும்பக் கொண்டுவருவதாக உறுதி கூறும் சுவரொட்டிகள், தொலைபேசி இலக்கத்துடன் பிரேசில் நகரங்களின் மின்கம்பங்களில் ஒட்டப்பட்டிருக்கும். இந்த வசியத்தை அங்கே ‘அமஹசாவ்’ என்பார்கள். ‘கட்டுதல்’ என்று பொருள்.

வீட்டில் செய்யப்படுபவை எளிமையானவை. இருவர் பெயரையும் தாளில் எழுதித் தேனில் இடுவார்கள். வரன் தேடும் பெண்கள் புனித அந்தோனியாரின் சிலையைத் தலைகீழாக வைத்து, வேண்டுதல் நிறைவேறிய பின்பே நிமிர்த்துவார்கள். அவரது திருநாள் ஜூன் 13. அதற்கு முதல்நாள்தான் பிரேசிலின் காதலர் தினம். ஆபிரிக்க, கத்தோலிக்க நம்பிக்கைகள் கலந்த உம்பண்டா சமயத்தவர், பொம்பா ஜிரா என்ற பெண் ஆவியிடம் முறையிடுவதுண்டு.

அடிமை முறை ஒழிந்து இரண்டு ஆண்டுகளில், 1890இல் வந்த தண்டனைச் சட்டம், காதலையோ வெறுப்பையோ தூண்ட மந்திரம் செய்வதைக் குற்றமாக்கியது. ஆபிரிக்க வழிவந்த வழிபாடுகளை ஒடுக்கவும் அது பயன்பட்டது.

ஆகவே நம்பிக்கையையும் வியாபாரத்தையும் நான் பிரித்தே பார்க்கிறேன். தேன் கிண்ணம் யாரையும் ஏழையாக்காது. முதல் பூசை பலிக்கவில்லை, இன்னொன்றுக்குப் பணம் அனுப்புங்கள் என்று கேட்கும்போதுதான் மோசடி தொடங்குகிறது. அதில் அகப்படுபவர் மூடர் அல்லர்; பிரிவைத் தாங்க முடியாதவர். ஆனாலும் ஒன்றைக் கேட்கத்தான் வேண்டும்: விலகிப்போக முடிவெடுத்தவரின் விருப்பத்தைக் கட்டிப்போடுவதற்குப் பெயர் காதலா?