அராக் காய்ச்சப் போன திராட்சை

லெபனான் ஒயினுக்கு எழுதப்படும் விளம்பரங்களில் ஐயாயிரம் ஆண்டுப் பாரம்பரியம் தவறாமல் வந்துவிடும். பழங்காலக் கடல் வணிகர்களான பினீசியர்கள் வருவார்கள், பால்பெக் கோயில் வரும், இயேசு தண்ணீரை மதுவாக்கிய கானாவூர்த் திருமணமும் சில சமயம் வரும். இவற்றில் பாதிக்கு மேல் உண்மைதான். சீதோனுக்குத் தெற்கே டெல் எல்-புராக் என்னும் கடலோர மேட்டில் கி.மு. 7ஆம் நூற்றாண்டின் திராட்சை மிதிதொட்டி ஒன்று அகழ்ந்தெடுக்கப்பட்டிருக்கிறது. சுண்ணாம்பில் பானை ஓடுகளை இடித்துக் குழைத்துப் பூசியிருக்கிறார்கள். மேலே மிதித்தால் சாறு கீழ்த்தொட்டிக்கு வழிந்து சேரும், சொட்டுக்கூடக் கசியாது. 1999இல் அஷ்கெலோனுக்கு அப்பால் ஆழ்கடலில் ஆராயப்பட்ட இரண்டு பினீசியக் கப்பல்களில் ஒவ்வொன்றிலும் ஏறத்தாழ 400 மதுச்சாடிகள் அடுக்கியபடியே கிடந்தன. அரிக்கமேட்டில் ரோமானியச் சாடிகளின் உடைந்த கழுத்துகளைப் பார்த்தவர்களுக்கு அந்த வணிகம் எப்படிப்பட்டது என்று சொல்ல வேண்டியதில்லை. பால்பெக்கில் உள்ள மதுக்கடவுள் பாக்கஸின் கோயில் 2ஆம் நூற்றாண்டைச் சேர்ந்தது. அதன் நிலைவாசலில் திராட்சைக் கொடியைச் செதுக்கியிருக்கிறார்கள்.

ஆனால் அந்தத் தொட்டிக்கும் இன்றைய புட்டிக்கும் நேர்க்கோடு போட முடியாது என்பதுதான் என் எண்ணம். இடையில் நூல் அறுந்துபோனது. இஸ்லாமிய ஆட்சி நூற்றாண்டுகளில் கொடி அழியவில்லை. உலர்திராட்சைக்கும், பாகு காய்ச்சுவதற்கும், தேவாலயப் பலிபூசைக்கும், மலைவாசிகளின் வீட்டுக் குடத்துக்கும் அது வேண்டியிருந்தது. கடல் கடந்து போன ஒயின் வணிகம்தான் நின்றது. இன்று லெபனான் ஒயின் என்று நாம் அறிவதற்கு வயது நூற்றறுபது, நூற்றெழுபதுதான். அதைத் தொடங்கி வைத்தவர்களில் முக்கியமானவர்கள் வெளியூர்க்காரர்கள்.

1857இல் சேசு சபைத் துறவிகள் பெக்கா சமவெளியில், ஸஹ்லே நகருக்கு அருகே க்சாரா என்ற இடத்தில் நிலம் பெற்றார்கள். அப்போது அல்ஜீரியா பிரான்சின் கையில் இருந்தது. அங்கிருந்து சன்சோ போன்ற பிரெஞ்சு ரகக் கொடிகளைக் கொண்டுவந்து நட்டார்கள். லெபனான் மலைக்கும் எதிர்லெபனான் மலைக்கும் நடுவே, கடல்மட்டத்திலிருந்து சுமார் 1000 மீட்டர் உயரத்தில் கிடக்கிறது இந்தச் சமவெளி. கோடை முழுக்க மழை கிடையாது. குளிர்காலப் பனி உருகி மண்ணுக்குள் இறங்கிய நீரை வைத்தே கொடி தாக்குப்பிடிக்கும். பகலில் வெயில் கொளுத்தும், இரவில் குளிரும். திராட்சைக்கு இதைவிட என்ன வேண்டும்?

க்சாராவுக்கு ஒரு குகையும் வாய்த்தது. கோழி திருடிய நரியைத் துரத்திப் போய்த்தான் 1898இல் அதைக் கண்டுபிடித்தார்கள் என்று சுற்றுலாப் பயணிகளிடம் சொல்வார்கள். நரியை நம்புவதும் நம்பாததும் அவரவர் விருப்பம். ரோமானியர் காலத்துக் குகை அது. முதல் உலகப் போரின்போது லெபனான் மலையைக் கொடும் பஞ்சம் வாட்டியது. பசித்தவர்களுக்குக் கூலி கொடுக்கவென்றே துறவிகள் அந்தக் குகையைத் தோண்டி நீட்டினார்கள். இன்று அதன் நீளம் ஏறக்குறைய 2 கிலோமீட்டர். பீப்பாய்கள் இன்னும் அதில்தான் உறங்குகின்றன.

துறவிகளுக்கு அடுத்து வந்தவர் சாலை போட வந்தவர். பெய்ரூட்டையும் டமாஸ்கஸையும் இணைக்கும் சாலையை ஒரு பிரெஞ்சு நிறுவனம் அமைத்தது. அந்த வேலைக்காக வந்த பிரான்சுவா-யூஜென் ப்ரூன் திரும்பிப் போகாமல் ஷ்தவ்ராவில் தங்கி, 1868இல் தொமேன் தெ தூரெல் என்ற ஒயின் ஆலையைத் தொடங்கினார். 1920க்குப் பின் பிரெஞ்சு நிர்வாகம் வந்தது, கூடவே சிப்பாய்களும் அதிகாரிகளும் வந்தார்கள். அவர்களுக்குச் சாப்பாட்டு மேசையில் ஒயின் இல்லாமல் ஆகாது. 1930இல் கஸ்தோன் ஹோஷார் தொடங்கிய ஷாத்தோ முசாருக்கும் அந்தச் சந்தைதான் அடித்தளம். பெயரிலேயே பாருங்கள், எல்லாம் ஷாத்தோ, எல்லாம் தொமேன். கொடி பிரெஞ்சு, பீப்பாய் பிரெஞ்சு, படிப்பு போர்தோவில். எவ்வளவு பிரெஞ்சோ அவ்வளவு தரம் என்பதே அன்றைய கணக்கு.

உள்ளூர்த் திராட்சைகளுக்கு அந்தக் கணக்கில் இடமில்லை. ஒபெய்தி, மெர்வா என்ற இரண்டு வெள்ளை ரகங்கள் இங்கே காலங்காலமாக உண்டு. ஒபெய்திக்குப் பந்தல் வேண்டாம், கம்பி வேண்டாம், தரையிலேயே படர்ந்து கிடக்கும். தடித்த தோல், வறட்சிக்கு அசையாது, மற்றவை அறுவடையான பிறகு நிதானமாகப் பழுக்கும். இத்தனை குணமிருந்தும் அது போனது அராக் காய்ச்சத்தான். திராட்சைச் சாற்றைப் புளிக்கவைத்து, செப்புக் கொப்பரையில் மும்முறை வடித்து, சோம்பு மணம் ஏற்றி, மண்சாடிகளில் ஊறவைத்து எடுப்பது அராக். லெபனான்காரர் அதைக் குடிக்கும் அழகே தனி. குவளையில் முதலில் அராக், பிறகு அதைப்போல் இரண்டு பங்கு தண்ணீர், கடைசியில்தான் பனிக்கட்டி. தண்ணீர் பட்டதும் பாலாக வெளுக்கும். மறுமுறை ஊற்றும்போது புதுக் குவளை வைக்க வேண்டும், ஏனென்றால் பழைய குவளையில் மெல்லிய ஏடு படிந்திருக்கும். ஞாயிறு மதிய விருந்தில் சின்னச் சின்னத் தட்டுகளில் மெஸ்ஸே வந்துகொண்டே இருக்க, மூன்று நான்கு மணி நேரத்துக்கு இந்தச் சடங்கு நீளும். ஒயின் விருந்தாளிக்கு, அராக் வீட்டுக்கு என்று ஆகிப்போனது.

1973இல் துறவிகள் க்சாராவை விற்றுவிட்டார்கள். அப்போது அங்கே ஆண்டுக்கு 15 லட்சம் புட்டிகள் நிரம்பின. நாட்டின் மொத்த உற்பத்தியில் அது 85 சதவீதம். இரண்டே ஆண்டில் உள்நாட்டுப் போர் மூண்டது. பதினைந்து ஆண்டு நீடித்தது.

முசாரின் கதையைக் கொஞ்சம் நின்று சொல்ல வேண்டும். அதன் திராட்சைத் தோட்டங்கள் பெக்காவில் இருக்கின்றன. ஒயின் ஆலையோ மலைக்கு அந்தப் பக்கம், கடலைப் பார்த்த கஸீரில் இருக்கிறது. அமைதிக் காலத்தில் இரண்டு மூன்று மணி நேரப் பயணம். போர்க்காலத்தில் நடுவே சோதனைச் சாவடிகள், ஒவ்வொன்றும் ஒவ்வொரு படையின் கையில். கஸ்தோனின் மகன் செர்ஜ் ஹோஷார் 1959 முதல் ஒயின் பொறுப்பைப் பார்த்துவந்தார். ஒவ்வோர் இலையுதிர்காலத்திலும் அவருடைய லாரிகள் அந்தச் சாவடிகளைக் கடந்து மலையேறின. 1976இல் ஒயின் இல்லவே இல்லை. 1984இல் சாலைகள் அடைபட்டு லாரிகள் சுற்றிச் சுற்றி வந்தன. நாள்கணக்கில் வெயிலில் நின்ற பழம், கஸீர் வந்து சேருமுன் லாரியிலேயே புளிக்கத் தொடங்கியிருந்தது. மற்ற ஆண்டுகளில் எப்படியோ ஒயின் வந்துவிட்டது.

குடிக்க ஆள்தான் இல்லை. பெய்ரூட்டின் உணவகங்கள் இடிந்துகொண்டிருந்தன. 1979இல் செர்ஜ் தன் புட்டிகளை இங்கிலாந்தின் பிரிஸ்டல் ஒயின் சந்தைக்கு எடுத்துப் போனார். மைக்கேல் பிராட்பென்ட் என்ற பெயர்பெற்ற ரசனையாளர் அவற்றை வானளாவப் புகழ்ந்தார். 1984இல் ‘டிகான்டர்’ இதழ் ஆண்டின் சிறந்த மனிதர் விருதை ஏற்படுத்தியபோது முதல் விருது செர்ஜுக்கே போனது. லாரியில் பழம் புளித்த அதே ஆண்டு! லெபனான் ஒயினின் உலகப் பெயர் பிறந்தது உள்ளூர்ச் சந்தை செத்ததால்தான் என்று சொன்னால் கசப்பாக இருக்கும். ஆனாலும் நடந்தது அதுதான்.

1990இல் போர் ஓய்ந்தபோது ஒயின் ஆலைகளை விரல்விட்டு எண்ணிவிடலாம். இன்று ஐம்பதுக்கு மேல். பெக்காவை விட்டுப் பத்ரூன் மலைச்சரிவுகளுக்கும், தெற்கே ஜெஸ்ஸீனுக்கும் கொடி ஏறியிருக்கிறது. போர்க்காலத்தில் கஞ்சா செழித்த வடபெக்காவில், தேய்ர் எல்-அஹ்மர் பக்கத்து விவசாயிகள் கூட்டுறவாகச் சேர்ந்து திராட்சை நட்டார்கள். பெருநிறுவனங்கள் ஆள்வது குறைந்து, பிரான்சில் படித்துத் திரும்பிய இளைஞர்கள் சில ஆயிரம் புட்டிகளோடு கடை விரிக்கிறார்கள்.

எண்ணிக்கை கூடியது பெரிய செய்தியல்ல, மதிப்பின் கணக்கு தலைகீழானதே செய்தி. லண்டன், நியூயார்க் கடைக்காரர்களுக்கு இன்னொரு கபர்னே சொவிஞோன் தேவையில்லை. உங்கள் ஊரில் மட்டும் விளைவது எது என்று கேட்கிறார்கள். அப்போதுதான் ஒபெய்தியின் பக்கம் கண் திரும்பியது. முசார் தன் வெள்ளை ஒயினுக்கு ஒபெய்தியையும் மெர்வாவையும் முன்பிருந்தே பயன்படுத்திவந்தது, அது தனிக்கதை. ஒபெய்திதான் ஷார்டொனேயின் மூதாதை, மெர்வாதான் செமியோனின் மூதாதை என்றும் நெடுங்காலம் சொல்லிவந்தார்கள். உள்ளூர்ப் பழத்துக்கு மரியாதை வேண்டுமென்றால் பிரெஞ்சுப் பழத்துக்குச் சொந்தக்காரனாக்க வேண்டியிருந்தது! மரபணுச் சோதனை வந்து அந்த உறவை முறித்தது. இவை தனி ரகங்கள் என்று தெரிந்தது. அதன் பிறகு ஷாத்தோ சென் தோமா தனி ஒபெய்தியிலும், க்சாரா தனி மெர்வாவிலும் ஒயின் எடுத்தன. தூரெல் போன்ற பழைய ஆலைகளில் சிமெண்டுத் தொட்டிகளுக்கு மறுபடி மவுசு, வேறு சில இடங்களில் மண்சாடிக்கும்.

மாறாதது ஒன்று உண்டு, அடிமேல் அடி விழுவது. இஸ்ரேலுடனான 2006 போரில் பெக்காவில் இருந்த மாலிபன் கண்ணாடித் தொழிற்சாலை குண்டுவீச்சில் நாசமானது. அதன் பின் புட்டிக்கே வெளிநாட்டை நம்ப வேண்டிய நிலை. 2019இல் வங்கிகள் கைவிரித்தன. டாலருக்குச் சுமார் 1500 என்று கட்டிக் காத்த லிரா 89,000ஐத் தாண்டிப் போனது. புட்டி, தக்கை, பீப்பாய் எல்லாம் டாலரில் வாங்க வேண்டும், உள்ளூர் வாடிக்கையாளர் கையிலோ செல்லாக் காசு. 2020 ஆகஸ்டில் பெய்ரூட் துறைமுகம் வெடித்தது. 2024 செப்டம்பரில் பெக்கா மீது இஸ்ரேலின் குண்டுகள் விழுந்தபோது அறுவடை இன்னும் முடியவில்லை. ஏற்றுமதி இருந்தவர்கள் தலைதூக்கி நின்றார்கள், இல்லாதவர்கள் திண்டாடினார்கள்.

இந்தத் திண்டாட்டத்தில் பலருக்குக் கைகொடுப்பது அராக்தான். க்சாரா, கெஃப்ராயா, முசார், தூரெல், மஸ்ஸாயா எல்லாரும் ஒயினோடு அராக்கும் விற்கிறார்கள். வெளிநாட்டுக்காரர் ஒயினைப் பாராட்டட்டும், ஸஹ்லேயில் பெர்தவ்னி ஆற்றோரம் ஞாயிற்றுக்கிழமை உட்காருகிறவர் கேட்பது அராக்கைத்தான். இப்போது ஒபெய்திக்கு இரண்டு பக்கமும் கிராக்கி. கொப்பரைக்குப் போகட்டுமா, புட்டிக்குப் போகட்டுமா என்று அறுவடைதோறும் கணக்குப் போட வேண்டியவர் பெரும்பாலும் ஒரே முதலாளி.