பதியத் தெரியாதவருக்கும் உதவி சேரட்டும்

பக்கத்து வீட்டுப் பாட்டி எஸ்டிஆர் உதவித்தொகைக்கு விண்ணப்பித்ததே இல்லை. "கம்பியூட்டர்ல போடணுமாமே, எனக்கு என்னய்யா தெரியும்?" என்றார்.

எண்ணெய் விலையை அரசு குறைத்து வைத்தால் யாரும் பதிய வேண்டியதில்லை. ஆனால், பெரிய கார் வைத்திருப்பவருக்கே பலன் அதிகம். அதனால் உதவியின் முறை மாறியது. 2012-இல் எஸ்டிஆரின் முன்னோடியான பிரிம் வந்தது: மாத வருமானம் 3,000 ரிங்கிட்டுக்கு உட்பட்ட குடும்பங்களுக்கு 500 ரிங்கிட். 2024 ஜூனில் தீபகற்பத்தில் டீசல் லிட்டருக்கு 2.15 ரிங்கிட்டிலிருந்து 3.35 ரிங்கிட்டானது, தகுதியுள்ளோருக்கு ரொக்கம்.

இல்லாதவருக்குக் கொடுப்பது நியாயமே. ஆனால், பதியாத ஏழை பட்டியலில் இல்லை.

பாட்டியின் அடையாள அட்டை, வங்கிப் புத்தகத்துடன் அமர்ந்து நானே பதிந்தேன். அரை மணி நேரம்தான். மாணவர்களே, உங்கள் அடுக்குமாடியிலும் ஒரு பாட்டி இருப்பார். கேட்டுப் பாருங்கள்.