பொருளைப் பார், பிறகு பேச்சைக் கேள்

1834-ல் அமெரிக்காவில் போய் இறங்கிய எழுத்தாளர் ஹாரியட் மார்ட்டினோவுக்குச் சரியாகக் காது கேட்காது. இங்கிலாந்தில் நாரிச் நகரத்துத் துணி உற்பத்தியாளர் ஒருவரின் மகள் அவர். செவி மங்கியது சிறு வயதிலேயே. கையில் ஒரு காதுக்குழல் வைத்திருப்பார். யாராவது நெருங்கி வந்து அதில் பேசினால்தான் சேதி போய்ச் சேரும். இப்படிப்பட்டவர் ஒரு தேசத்தை எப்படி ஆராய்வது என்ற கேள்வி எழாமல் இருக்குமா? அதற்கு அவரே பதில் எழுதினார். கூட்டத்தில் கலந்து பேசிக் கிடைப்பதைவிட, ஒருவர் தனியே குழலருகில் உட்கார்ந்து பேசும்போது தமக்கு அதிகம் கிடைத்தது என்றார்.

வீடு வீடாகப் போய்க் கணக்கெடுக்கும் வேலையில் என் காலம் கழிந்திருக்கிறது. அதனால், சமூகவியலின் முன்னோர் என்று பாடப்புத்தகங்கள் வரிசைப்படுத்தும் ஆண்களைவிட இந்த அம்மாள்தான் எனக்கு நெருக்கம். ஒரு சமூகத்தின் ஒழுக்கத்தையும் பழக்கவழக்கத்தையும் எப்படிக் கவனிப்பது என்பதற்கென்றே அவர் எழுதிய நூல் 1838-ல் வெளிவந்தது. அமெரிக்காவுக்குப் போகும் கப்பலிலேயே அதை எழுதத் தொடங்கியிருந்தார். பயணி முதலில் பொருள்களைப் பார்க்க வேண்டும், ஆட்களின் பேச்சை அவற்றுக்கு விளக்கமாக வைத்துக்கொள்ள வேண்டும் என்பது அதன் சாரம். கல்லறையில் என்ன பொறித்திருக்கிறது, சிறைப் பதிவேட்டில் யார் யார் இருக்கிறார்கள், சனங்கள் என்ன பாட்டுப் பாடுகிறார்கள் என்று பார்க்கச் சொல்கிறார். இதெல்லாம் வருகிற விருந்தாளிக்காக மாற்றிச் சொல்லப்படுவதில்லை.

திருநெல்வேலிப் பக்கம் போனவர்களுக்கு இதன் அருமை புரியும். "உங்க வீட்டம்மா என்ன வேலை பாக்காங்க?" என்று கேட்டால், "அவ சும்மாதான் இருக்கா, எழுதிக்கோங்க" என்பார் வீட்டுக்காரர். உள்ளே பார்த்தால் அந்த அம்மா மடியில் பீடித்தட்டு இருக்கும். பக்கத்தில் நனைத்த இலை, கத்தரி, கட்டி முடித்த கட்டுகள். அந்தத் தட்டைப் பார்க்காமல் படிவத்தை நிரப்பினால் ஒரு பெண்ணின் உழைப்பு நாட்டுக் கணக்கிலிருந்தே காணாமல் போகும்.

மார்ட்டினோவின் அரசியலும் உழைப்பு யாருக்குச் சொந்தம் என்பதிலிருந்து தொடங்குகிறது. அன்றைய தாராளவாதிகள் சொன்னது இதுதான்: தன் உழைப்பும் உடைமையும் அவரவர்க்கு, அரசும் ஏகபோக வணிகரும் குறுக்கே வரக்கூடாது, சட்டம் எல்லாருக்கும் ஒன்று. 1829-ல் குடும்பத் தொழில் நொடித்தபோது ஊசிவேலையும் எழுத்தும் அவருக்குச் சோறு போட்டன. பொருளாதாரத்தைக் கதையாக எழுதலாம் என்று அவர் முனைந்தபோது பதிப்பாளர்கள் கைவிரித்தார்கள். ஊரில் காலரா, நாடாளுமன்றத்தில் சீர்திருத்த மசோதா, இந்த நேரத்தில் யார் வாங்குவார்கள் என்றார்கள். 1832-ல் மாத வெளியீடாக அது தொடங்கியது. 25 சிறு நூல்கள் வந்தன. மாதம் 10,000 பிரதிகள் வரை விற்றதாகச் சொல்வார்கள்.

அவற்றில் ஒரு கதை இலங்கையில் நடக்கிறது. பெயர் 'கறுவாவும் முத்துகளும்'. மார்ட்டினோ இலங்கையைப் பார்த்ததில்லை. கறுவா விளையும் மண்ணிலும் முத்து விளையும் கடலிலும் பிறந்தவன் ஏன் ஏழையாகவே இருக்கிறான் என்று கேட்டு, வணிக ஏகபோகத்தைக் குற்றவாளிக் கூண்டில் ஏற்றுகிறார். மன்னார் முத்துக்குளிப்பைப் பற்றிக் கேட்டு வளர்ந்தவர்கள் தேடிப் படிக்கவேண்டிய கதை.

அமெரிக்காவை அளக்க அவர் தம் ஊர் முழக்கோலைக் கொண்டுபோகவில்லை. எல்லா மனிதரும் சமம் என்று அந்நாடு தன் சுதந்திரப் பிரகடனத்தில் எழுதிவைத்ததையே எடுத்துக்கொண்டார். அந்தச் சொல்லுக்கு எதிரே அடிமைகளையும் பெண்களையும் நிறுத்தினார். ஆளப்படுவோரின் சம்மதத்தோடுதான் அரசு என்றால் பெண்களிடம் யார் சம்மதம் கேட்டது? 1837-ல் வந்த 'அமெரிக்காவில் சமூகம்' நூலில் இதற்குத் தனிப் பகுதியே உண்டு. 1835-ல் பாஸ்டனில் அடிமைமுறை ஒழிப்புப் பெண்கள் கூட்டத்தில் எழுந்து ஆதரவு சொன்னதற்காக மிரட்டல்கள் வந்தன. கேட்டு எழுத வந்தவர் ஒரு பக்கம் சேரலாமா? அந்த இடத்தில் வாய் மூடி இருந்திருந்தால் அவர் எழுதியதை நான் நம்பியிருக்க மாட்டேன்.

'சமூகவியல்' என்ற சொல்லைப் பரப்பிய ஆகுஸ்த் கோம்த்தின் ஆறு பெரிய தொகுதிகளை இரண்டாகச் சுருக்கி 1853-ல் ஆங்கிலத்தில் தந்ததும் இவர்தான். அந்தச் சுருக்கம் கோம்த்துக்கே பிடித்துப்போனது. பிற்பாடு அது பிரெஞ்சுக்கே மொழிபெயர்க்கப்பட்டது! ஆனாலும் பல தலைமுறைகளுக்கு மொழிபெயர்ப்பாளர் என்ற அளவிலேயே அவரை நிறுத்திவிட்டார்கள். 1973-ல் சமூகவியலாளர் ஆலிஸ் ராஸி தம் பெண்ணிய எழுத்துத் தொகுப்பில் முதல் பெண் சமூகவியலாளர் என்று அவரை அடையாளம் காட்டினார்.

அவரோடு எனக்குப் பெரிய சண்டை ஒன்றும் உண்டு. ஆலைகளில் சுழலும் தண்டுகளுக்குக் காப்பு போடச் சொன்ன சட்டத்தை, வேண்டாத தலையீடு என்று 1855-ல் ஒரு பிரசுரம் எழுதி எதிர்த்தார். தண்டில் சிக்கிக் கையும் உயிரும் போனவர்களைப் பற்றி நாவலாசிரியர் டிக்கன்ஸின் வார இதழ் எழுதிக்கொண்டிருந்த நேரம் அது. கோட்பாட்டை நிலைநாட்டும் வேகத்தில், தாம் கற்பித்த பாடத்தையே அவர் விட்டுவிட்டார். அங்கே முதலில் பார்த்திருக்க வேண்டிய பொருள் அந்தத் தண்டு.

அரசின் கையைச் சந்தேகிக்கும் அதே குணம்தான் வேறிடத்தில் அவரைச் சரியான பக்கம் நிறுத்தியது. எல்லாருக்கும் வாக்குரிமை இல்லாத நாட்டில் மக்கள் வரிப்பணத்தைத் தாம் வாங்குவது முறையல்ல என்று அரசு தர முன்வந்த ஓய்வூதியத்தை ஒன்றுக்கு மேற்பட்ட முறை மறுத்தார். 1860-களில் பால்வினை நோயைத் தடுக்கவென்று பிரிட்டன் கொண்டுவந்த தொற்றுநோய்ச் சட்டங்கள், படைகள் தங்கிய ஊர்களில் விலைமகள் என்று போலீஸ் சந்தேகித்த எந்தப் பெண்ணையும் கட்டாய உடல் சோதனைக்கு இழுத்துப்போக வழி செய்தன. படைவீரர்களுக்கு அப்படி எந்தச் சோதனையும் இல்லை. நோயில் கிடந்த மார்ட்டினோ 1869 இறுதியில் 'டெய்லி நியூஸ்' நாளிதழில் இதை எதிர்த்துத் தொடர்ந்து கடிதங்கள் எழுதினார். ஜோசபின் பட்லர் முன்னின்ற எதிர்ப்பு இயக்கத்துக்குத் தம் பெயரைக் கொடுத்தார். 1876-ல் அவர் மறைந்தார். அந்தச் சட்டங்கள் 1886-ல் நீக்கப்பட்டன.