திரைப்படமும் இணையக் களவும்

திரைப்படம் தனியொருவரின் படைப்பன்று. எழுத்தாளர், இயக்குநர், ஒளிப்பதிவாளர், படத்தொகுப்பாளர், விளக்கமைப்போர் எனப் பலரது உழைப்பின் கூட்டு விளைவு அது. உரிமையாளரின் இசைவின்றி அதனை இணையத்தில் பரப்புவதே இணையவழித் திரைப்படக் களவு.

களவு நிகழும் விதம்

அரங்கில் ஓடும் படத்தை மறைவாகப் பதிவுசெய்தல் ஒருவழி. இணையத் திரைத்தளங்களின் பாதுகாப்பை உடைத்துப் படியெடுத்தல் மற்றொரு வழி. களவுத்தளங்கள் படத்தை இலவசமாகத் தருவனபோல் தோன்றினும், பார்வையாளர்களைக் காட்டி விளம்பரங்களால் பொருளீட்டுகின்றன. அங்குள்ள இணைப்புகள் சில, நம் கருவிகளில் நச்சுநிரல்களைப் புகுத்துவதும் உண்டு.

தொழில்நுட்பக் காவல்

இன்று அரங்குகளுக்குப் படம் மறைகுறியாக்கப்பட்ட கோப்பாகச் செல்கிறது. குறித்த அரங்கில், குறித்த காலத்தில் மட்டுமே அதனைத் திறக்கும் மின்னணுத் திறவுகோல் தனியே அனுப்பப்படுகிறது. திரையிடும்போது கண்ணுக்குப் புலப்படாத அடையாளக்குறியும் காட்சியில் பதிகிறது. களவுப்படி எந்த அரங்கில், எந்நேரத்தில் எடுக்கப்பட்டது என்பதை அக்குறியைக்கொண்டு கண்டறியலாம்.

சட்டத்தின் துணை

1957ஆம் ஆண்டின் பதிப்புரிமைச் சட்டம் திரைப்படத்திற்கு 60 ஆண்டுக்காலப் பாதுகாப்பை வழங்குகிறது. 2023ஆம் ஆண்டின் திரைப்படச் சட்டத் திருத்தத்தின்படி, களவாகப் படம்பிடிப்போருக்குக் குறைந்தது 3 மாதச் சிறையும் 3 இலட்சம் ரூபாய் தண்டமும் விதிக்கப்படும். சிறைத்தண்டனை 3 ஆண்டுகள்வரை நீளலாம்.

2018ஆம் ஆண்டு '2.0' திரைப்படம் வெளியாகுமுன், 12,000க்கும் மேற்பட்ட இணையதளங்களை முடக்கச் சென்னை உயர்நீதிமன்றம் ஆணையிட்டது. ஆயினும் களவுப்படி இணையத்தில் வெளிவந்தது. ஒரு முகவரி முடங்கினால், மறு முகவரியில் அதே தளம் முளைத்துவிடுகிறது.

முடக்கத்திற்கும் எல்லை வேண்டும். 2012ஆம் ஆண்டு '3' திரைப்பட வழக்கில் பிறந்த ஆணையைத் தொடர்ந்து, இணைய இணைப்பு நிறுவனங்கள் பொதுவான காணொலித் தளங்களையும் முழுமையாக முடக்கின. களவுப்படி உள்ள குறிப்பிட்ட பக்கங்களுக்கே ஆணை பொருந்தும் என நீதிமன்றம் பின்னர்த் தெளிவுபடுத்தியது.

நம் கடமை

இலவசமாகக் காண்பதெல்லாம் களவன்று. உரிமையாளரே தம் யூடியூப் பக்கத்தில் வெளியிடும் படங்களை எவரும் தயக்கமின்றிக் காணலாம். எனவே, 'விலை உண்டா?' என்பதினும் 'உரியவரின் இசைவு உண்டா?' என்பதே நாம் எழுப்பவேண்டிய வினா. களவுப்படியால் பேரிழப்புக்கு உள்ளாவோர் புகழ்பெற்ற நடிகர்கள் அல்லர். கடன்பெற்று முதற்படம் எடுத்த சிறு தயாரிப்பாளரும், அவர் தரும் அடுத்த வாய்ப்பை நம்பியிருக்கும் தொழிலாளருமே ஆவர். களவுத்தள இணைப்பைப் பிறருக்கு அனுப்பாதிருத்தல், அவர்தம் உழைப்புக்கு நாம் செய்யும் எளிய மரியாதையாகும்.